வெட்டி எறியாமல் உள்ளே வைத்துத் தைத்தார்கள்: மணியின் கண் அறுவை சிகிச்சையும் அதைச் செய்த மருத்துவமனையும்

ஏழு மாதக் குட்டியான எங்கள் பீகிள் இன நாய் மணி ஒரு நாள் காலையில் தூங்கி எழுந்தபோது, அவனுடைய இடக்கண்ணின் மூக்கோரத்து மூலையில் செக்கச்செவேலென்று ஒரு சிறு உருண்டை பிதுங்கி நின்றது. முந்தைய இரவு அங்கே எதுவும் இருக்கவில்லை. வலி இருப்பதாக அவன் காட்டிக்கொள்ளவுமில்லை. வழக்கம்போல வாலை ஆட்டினான், வழக்கம்போலச் சாப்பாட்டுத் தட்டை நோக்கி ஓடினான். பார்த்த எங்களுக்குத்தான் நெஞ்சு பதறியது. அன்று தொடங்கிய அலைச்சலில், விலங்குகளுக்கான ஒரு கண் மருத்துவமனை எங்களுக்கு எவ்வாறு துணை நின்றது, எந்த இடத்தில் குறை வைத்தது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். இதே சிவப்பு உருண்டையைத் தம் நாயின் கண்ணில் கண்டு கலங்கி நிற்பவர்களுக்கு இது பயன்பட வேண்டும்.

நாங்கள் முதலில் போனது வேறொரு சிறிய மருத்துவமனைக்கு. அங்கே இருந்தவர் கண்ணை ஒரு முறை பார்த்துவிட்டு, “சதை வளர்ந்திருக்கிறது, வெட்டி எடுத்துவிடலாம், பத்து நிமிட வேலை” என்றார். ஒரு சோதனையும் செய்யவில்லை. வெட்டினால் பின்னால் என்ன ஆகும் என்ற பேச்சும் எழவில்லை. அவர் தீய எண்ணத்தில் சொன்னார் என்று நான் நினைக்கவில்லை. ஒரு காலத்தில் இதற்குப் பரவலாகச் செய்யப்பட்ட சிகிச்சையே அதுதான். ஆனாலும் அன்று அவசரத்தில் தலையாட்டியிருந்தால் மணி வாழ்நாள் முழுவதும் அதன் விளைவைச் சுமந்திருப்பான் என்பதை இப்போது நினைத்தாலும் மனம் நடுங்குகிறது.

அந்த உருண்டை சதை வளர்ச்சி அன்று. மேலிமை, கீழிமை ஆகிய இரண்டும் போக, நாய்க்குக் கண்ணின் உள்மூலையில் மூன்றாவதாக ஓர் இமை உண்டு. அந்த இமைக்குள் டி வடிவத்தில் ஒரு குருத்தெலும்பும், அதன் அடிப்பாகத்தைச் சுற்றி ஒரு கண்ணீர்ச் சுரப்பியும் இருக்கின்றன. சுரப்பியைக் கீழே பிடித்துவைத்திருக்கும் இணைப்புத் திசு சில நாய்களுக்குப் பிறவியிலேயே தளர்வாக அமைந்துவிடுகிறது. அப்போது சுரப்பி தன் இடத்திலிருந்து மேலே புரண்டு வெளியே தெரிகிறது. பார்ப்பதற்குச் செர்ரிப் பழம் போல இருப்பதால் இதைச் செர்ரி ஐ என்று அழைக்கிறார்கள். பெரும்பாலும் இரண்டு வயதுக்குள் வருகிறது. புல்டாக், காக்கர் ஸ்பானியல், பீகிள், ஷிட்ஸு, லாசா ஆப்ஸோ, நியோபாலிடன் மாஸ்டிஃப் போன்ற இனங்களில் அதிகம். கண்ணை நனைக்கும் நீரில் ஏறத்தாழ 30 முதல் 50 விழுக்காடு வரை இந்த ஒரு சுரப்பியே தருகிறது என்று கணக்கிடுகிறார்கள். அதை வெட்டிவிட்டால் உடனே ஒன்றும் தெரியாது. சில மாதங்களோ சில ஆண்டுகளோ கழித்துக் கண் வறண்டு, பிசுபிசுப்பான பீளை கட்டி, கருவிழி மங்கத் தொடங்கலாம். பிறகு சைக்ளோஸ்போரின் போன்ற மருந்தை நாள்தோறும், பல நேரங்களில் ஆயுள் முழுவதும், கண்ணில் இட வேண்டியிருக்கும்.

இரண்டாவதாகப் போன கண் மருத்துவமனையில் நான் முதலில் மதித்தது, அங்கிருந்த மருத்துவர் உருண்டையைத் தொடுவதற்கு முன்பே கண்ணீரை அளந்ததைத்தான். ஷர்மர் சோதனை என்று அதற்குப் பெயர். மெல்லிய தாள் பட்டை ஒன்றின் நுனியைக் கீழிமைக்குள் செருகி, சரியாக 60 நொடிகள் வைத்து, எத்தனை மில்லிமீட்டர் வரை ஈரம் ஏறியிருக்கிறது என்று பார்க்கிறார்கள். 15 மில்லிமீட்டருக்கு மேல் இருந்தால் இயல்பு, 10-க்குக் கீழ் இறங்கினால் வறட்சி என்று ஐயுற வேண்டும். மணிக்கு இடக்கண்ணில் 16, வலக்கண்ணில் 19 இருந்தது. அடுத்து ஃப்ளோரசின் என்ற சாயத்தைச் சொட்டிவிட்டு நீல ஒளியில் பார்த்தார்கள். கருவிழியில் புண் இருந்தால் அந்த இடம் பச்சையாக ஒளிருமாம், மணிக்கு அப்படி எதுவும் இல்லை. குருத்தெலும்பு மடங்கியிருந்தாலும் வெளிப்பார்வைக்கு இதே போலத் தோன்றக்கூடும் என்பதால், மரப்புச் சொட்டு விட்டு மூன்றாம் இமையை மெல்ல இழுத்து அதையும் பார்த்த பிறகுதான் பேசத் தொடங்கினார்.

பேச்சுக்கு அவர் ஒதுக்கிய நேரத்துக்காகவே இந்த மருத்துவமனையை நான் பரிந்துரைப்பேன். ஒரு தாளை எடுத்துப் படம் வரைந்து காட்டினார். மூன்றாம் இமையின் உட்புறத்தில், சுரப்பிக்கு மேலே ஒன்றும் கீழே ஒன்றுமாக இரண்டு வளைந்த கீறல்கள் போட்டு, சுரப்பியை உள்ளே அழுத்தி, கீறல்களின் வெளிவிளிம்புகள் இரண்டையும் அதன்மேல் இழுத்துச் சேர்த்துத் தைத்துவிடுவார்கள். சட்டைப் பைக்குள் ஒரு பொருளை வைத்து வாயைத் தைப்பது போன்ற வேலை. ஆனால் இரு முனைகளிலும் சிறு வழி விட்டுத்தான் தைக்க வேண்டும், இல்லையென்றால் உள்ளே சுரக்கும் கண்ணீர் வெளியேற முடியாமல் தேங்கி நீர்க்கட்டி ஆகிவிடும். முடிச்சு கண்ணைப் பார்த்த பக்கம் இருந்தால் கருவிழியை உரசிப் புண்ணாக்கும் என்பதால் அதை இமையின் வெளிப்பக்கத்தில் போடுவார்கள். நூல் தானே கரைந்துவிடும், பிரிக்கத் தேவையில்லை. சுரப்பியை எலும்பின் மேலுறையோடு நூலால் கட்டி நிறுத்தும் வேறொரு முறையும் உண்டு என்றும், பெரிய நாய்களுக்கும் ஒரு முறை தைத்து மீண்டும் வெளியே வந்துவிட்ட நாய்களுக்கும் இரண்டையும் சேர்த்தே செய்வதுண்டு என்றும் விளக்கினார். “மறுபடி வராது என்று என்னால் உறுதி சொல்ல முடியாது. வலக்கண்ணிலும் வரலாம். அதையும் மனத்தில் வைத்துக்கொண்டு முடிவெடுங்கள்” என்றார். நம்பிக்கை தரும் சொற்கள் அல்ல அவை. ஆனாலும் எனக்கு அவர்மேல் நம்பிக்கை பிறந்தது அந்தச் சொற்களால்தான்.

அறுவை சிகிச்சைக்குப் பத்து நாள் கழித்தே இடம் கிடைத்தது. இது மணிநேரத்தில் முடிவெடுக்க வேண்டிய அவசரம் அன்று என்றாலும், சுரப்பி வெளியிலேயே நெடுநாள் இருந்தால் காய்ந்து வீங்கி உள்ளே வைக்கக் கடினமாகும் என்பதால் வாரக்கணக்கில் தள்ளிப்போடுவதும் நல்லதன்று. இடைப்பட்ட நாள்களில் உருண்டையின் மேற்பரப்பு காயாமல் இருக்கச் செயற்கைக் கண்ணீர்க் களிம்பு ஒன்றை ஒரு நாளைக்கு நான்கு முறை இடச் சொன்னார்கள். வீட்டில் கிடக்கும் பழைய கண் சொட்டு எதையும், குறிப்பாக ஸ்டீராய்டு கலந்ததை, கேட்காமல் விடவே கூடாது என்றும் எச்சரித்தார்கள். கருவிழியில் புண் இருக்கும்போது ஸ்டீராய்டு விழுந்தால் அந்தப் புண் ஆழமாகிவிடக்கூடும்.

அந்தப் பத்து நாள்களை நாங்கள் வீணாக்கவில்லை என்பதில் எனக்கு மனநிறைவு உண்டு. செவிலியர் ஒருவர் சொன்ன யோசனை அது. “அறுவை சிகிச்சை முடிந்த அன்று எல்லாவற்றையும் புதிதாகப் பழக்க முயன்றால் அவனுக்கும் பயம், உங்களுக்கும் பயம். இப்போதே விளையாட்டாகப் பழக்கிவிடுங்கள்” என்றார். எனவே நாய் கண்ணைத் தேய்த்துவிடாமல் தடுக்கக் கழுத்துக்கு மாட்டும் புனல் வடிவப் பிளாஸ்டிக் கோனை முன்கூட்டியே வாங்கி, முதல் நாள் தரையில் வைத்து முகரவிட்டோம். இரண்டாம் நாள் அதன் வழியாகத் தலையை நுழைத்தால் தின்பண்டம் என்று வைத்தோம். ஐந்தாம் நாளில் அதை மாட்டிக்கொண்டே சாப்பிட்டான். சொட்டு மருந்துக்கும் இப்படியே. நாயை எதிரே நிறுத்திப் புட்டியை முகத்துக்கு நேராகக் கொண்டுபோனால் எந்த நாயும் பின்வாங்கும். அதன் முதுகு நம் மார்பில் படும்படி உட்காரவைத்து, ஒரு கையால் தாடையைச் சற்று உயர்த்தி, புட்டியைத் தலைக்குப் பின்னாலிருந்து கொண்டுவந்து, மேலிமையைத் தூக்கி ஒரு சொட்டு விட்டால், அது விழுந்த பிறகுதான் நாய்க்கே தெரிகிறது. புட்டியின் நுனி கண்ணிலோ முடியிலோ படக் கூடாது என்பது ஒன்றுதான் கவனம். கழுத்துப் பட்டைக்குப் பதிலாக மார்புப் பட்டைக்கும் அவனை மாற்றினோம். நாய் இழுக்கும்போது கழுத்து அழுந்தினால் கண்ணுக்குள்ளும் அழுத்தம் ஏறுகிறது, புதுத் தையலுக்கு அது ஆகாது.

அறுவை சிகிச்சைக்கு மூன்று நாள் முன்பு இரத்தம் எடுத்துச் சிறுநீரகம், கல்லீரல், இரத்த அணுக்கள் ஆகியவற்றின் நிலையைப் பார்த்தார்கள், இதயத்தைக் கேட்டார்கள். முந்தைய இரவு பத்து மணிக்குமேல் உணவு கூடாது, தண்ணீர் காலையில் கிளம்பும்வரை கொடுக்கலாம் என்றார்கள். மயக்கத்தில் வயிற்றில் உள்ளது மேலே வந்து மூச்சுக்குழாய்க்குள் இறங்கிவிடக் கூடாது என்பதற்குத்தான் இந்தப் பட்டினி. மிகச் சிறிய குட்டிகளுக்கு இவ்வளவு நேரம் பட்டினி போட்டால் இரத்தத்தில் சர்க்கரை இறங்கிவிடும் என்பதால், நேரத்தை அந்தந்த நாய்க்கு மருத்துவரே சொல்ல வேண்டும். புல்டாக், பக் போன்ற சப்பை மூக்கு நாய்களை வைத்திருப்பவர்கள் இன்னொன்றையும் கட்டாயம் கேட்டுக்கொள்ளுங்கள்: மயக்கம் தெளியும் வேளையில், மூச்சுக்குழாயில் உள்ள குழாயை எடுத்த பிறகு, அருகில் யார் இருப்பார்கள்? அந்த இனங்களுக்கு ஆபத்து அதிகம் உள்ள வேளை அதுதான்.

காலை எட்டரைக்கு ஒப்படைத்தோம். ஒரு மணிக்குத் தொலைபேசியில் அழைத்து, எல்லாம் நல்லபடியாக முடிந்தது, எழுந்து உட்கார்ந்திருக்கிறான் என்றார்கள். மாலை ஐந்து மணிக்கு வீட்டுக்கு அழைத்து வந்தோம்.

இனி குறைக்கு வருகிறேன். வீட்டுக்கு அனுப்பும்போது, நாங்கள் வாங்கிப் பழக்கியிருந்த கோன் மணிக்குச் சற்றுப் பெரியது என்று சொல்லி, அங்கே இருந்த வேறொன்றை மாட்டி அனுப்பினார்கள். அது துணியால் ஆனது, மெத்தென்று இருந்தது, அவனுக்கு வசதி என்று நாங்களும் மகிழ்ந்தோம். அன்று இரவு இரண்டு மணிக்கு ஏதோ சத்தம் கேட்டு எழுந்து பார்த்தால், அவன் துணிக் கோனைச் சோபாவின் விளிம்பில் அழுத்தி மடக்கி, கண்ணை அந்த விளிம்பிலேயே தேய்க்க முற்பட்டுக்கொண்டிருந்தான். அப்படியே மடியில் பிடித்து வைத்துக்கொண்டு விடியும்வரை உட்கார்ந்திருந்தேன். காலையில் பழைய கடினப் பிளாஸ்டிக் கோனையே திரும்ப மாட்டிய பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது.

கண் அறுவை சிகிச்சையைப் பொறுத்தவரை இந்தக் கோன் உதிரிப் பொருள் அன்று, சிகிச்சையில் பாதி என்பதே என் துணிபு. மருத்துவர் முக்கால் மணிநேரம் உருப்பெருக்கிக்குக் கீழே இழை இழையாகத் தைத்ததை, முன்னங்காலின் ஒரே ஒரு தேய்ப்பு பிரித்துவிடும். வயிற்றுத் தையலை நக்காமல் தடுக்கத் துணிக் கோனோ காற்றடைத்த வளையமோ போதுமாக இருக்கலாம். கண்ணுக்கு அவை போதாது. காற்று வளையத்தை மாட்டிய நாய், குறிப்பாக மணியைப் போல நீண்ட மூஞ்சி உள்ள நாய், முகத்தைத் தரையிலும் மெத்தையிலும் தாராளமாக உரச முடியும், முன்னங்காலையும் கண்ணுக்குக் கொண்டுவர முடியும். கடினமான, ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக்கே சரி; சுற்றிலும் பார்க்க முடிவதால் நாயும் அவ்வளவாக மிரளாது. அளவு பார்க்கும்போது, கோனின் விளிம்பு மூக்கு நுனியைத் தாண்டி மூன்று நான்கு சென்டிமீட்டராவது நீண்டிருக்க வேண்டும், கழுத்தருகே இரண்டு விரல் நுழையும் இடைவெளி இருக்க வேண்டும். எங்கள் கோன் “சற்றுப் பெரியது” என்று அவர்கள் ஒதுக்கியது என்னைப் பொறுத்தவரை தவறு. பெரியதாக இருந்தால் கதவில் இடிக்கும், அவ்வளவுதான், சிறியதாக இருந்தால் கண் போகும். இதை மறு சோதனைக்குப் போனபோது மருத்துவரிடமே சொன்னேன். மறுக்காமல் கேட்டுக்கொண்டு, கண் நோயாளிகளுக்குத் துணிக் கோன் கொடுப்பதை நிறுத்துவதாகச் சொன்னார்.

கோனோடு இரண்டு வாரம் வாழ்வதற்குச் சிறு ஏற்பாடுகள் வேண்டும். சாப்பாட்டுக் கிண்ணம் கோனின் வாயைவிடச் சிறியதாகவும், ஒரு சிறு பலகைமேல் உயர்த்தியும் இருந்தால் அவனால் கோனைக் கிண்ணத்தின்மேல் கவிழ்த்து உண்ண முடிகிறது. கழுத்து விளிம்பில் மென்துணி சுற்றிவிட்டால் தோல் புண்ணாகாது. உள்ளே ஒட்டும் களிம்பையும் உணவையும் ஈரத்துணியால் தினமும் துடைக்க வேண்டும். “பாவம், ஐந்து நிமிடம் கழற்றிவிடலாமே” என்று வீட்டில் யாராவது கட்டாயம் சொல்வார்கள். அந்த இரக்கத்துக்கு இடம் கொடுக்கக் கூடாது.

மருந்துச் சீட்டிலும் ஒரு குறை இருந்தது. நுண்ணுயிர்க்கொல்லிச் சொட்டு, செயற்கைக் கண்ணீர், களிம்பு, வாய்வழியே கொடுக்க வலி குறைக்கும் மெலாக்சிகாம் என்று நான்கு மருந்துகள் இருந்தன. எதற்குப் பின் எது, எவ்வளவு இடைவெளி என்பது எழுதப்படவில்லை. கேட்டபோதுதான் சொன்னார்கள்: நீராக உள்ளது முதலில், அடுத்ததற்கு ஐந்து நிமிட இடைவெளி, களிம்பு எப்போதும் கடைசி, அதுவும் ஒரு நெல்மணி அளவு போதும். களிம்பை முதலில் இட்டுவிட்டால் அது படலமாகப் படர்ந்து பின்னால் விடும் சொட்டைக் கண்ணில் சேரவிடாது. மெலாக்சிகாமை உணவோடு கொடுக்க வேண்டும் என்பதும், வலி மிகுதி என்று தோன்றினாலும் மனிதர்களுக்கான இபுப்ரோஃபென் போன்ற மாத்திரைகள் நாய்க்கு நஞ்சு என்பதும் அச்சிட்ட சீட்டிலேயே இருந்திருக்க வேண்டிய செய்திகள். கேட்காமல் போகிறவர்கள் எத்தனையோ பேர் இருப்பார்கள்.

முதல் இரண்டு நாள் கண்ணீர் இளஞ்சிவப்பாக வடிந்தது. மூன்றாம் இமை வீங்கி, உருண்டை இருந்தபோது தெரிந்ததைவிடக் கண் மோசமாகத் தெரிந்தது. இதை முன்பே சொல்லி வைத்திருந்ததால் அஞ்சவில்லை. ஆனால் நான்காம் நாள் மாலையில் அவன் கண்ணை இடுக்கிக்கொண்டு, வெளிச்சத்தைப் பார்க்காமல் முகத்தைத் திருப்பினான். வீக்கம் வேறு, இப்படிக் கண்ணை இடுக்குவது வேறு. கண் இடுங்குவது, கருவிழியில் நீலம் பாய்ந்தது போன்ற மங்கல், மஞ்சளாகவோ பச்சையாகவோ பீளை ஆகியவற்றில் ஒன்றைக் கண்டாலும் மறுநாள்வரை காத்திருக்கக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். இரவு எட்டு மணிக்கு அழைத்தேன். எடுத்தவர் என்னை அலைக்கழிக்காமல் மூன்றே கேள்வி கேட்டுவிட்டு, உடனே அழைத்து வரச் சொன்னார். மீண்டும் சாயம் விட்டுப் பார்த்தார்கள். பச்சை எதுவும் ஒளிரவில்லை. முடி ஒன்று இமைக்குள் சிக்கியிருந்தது. கழுவி எடுத்துவிட்டு அனுப்பினார்கள். அந்த இரவில் எனக்குக் கிடைத்த நிம்மதியை எந்த மதிப்பெண்ணாலும் சொல்லிவிட முடியாது.

பதினான்காம் நாள் கோன் கழன்றது. வீக்கம் வடிந்து, இரண்டு கண்களில் எது அறுத்த கண் என்று அயலார் கேட்கும் அளவுக்கு ஆகியிருந்தது. ஆறு வாரம் கழித்து மறுபடி கண்ணீரை அளந்தார்கள்: இடக்கண்ணில் 18. முன்பைவிடக் குறையாமல் இருந்த அந்த எண்ணைப் பார்த்தபோது, முதல் மருத்துவமனையில் தலையாட்டாமல் எழுந்து வந்தது சரிதான் என்று உறுதியானது.

சிகிச்சையிலும், முன்கூட்டிய விளக்கத்திலும், அவசரத்துக்கு எடுத்த தொலைபேசியிலும் இந்த மருத்துவமனை மிக நன்று. வீட்டுக்கு அனுப்பும் வேளையில், கோனிலும் சீட்டிலும், இன்னும் கவனம் வேண்டும். நாடிப் போகிறவர்கள் சரியான அளவில் கடினக் கோனைத் தாமே வாங்கிக்கொண்டு போங்கள், மருந்துகளின் வரிசையைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். நாயின் கண்ணைப் பார்த்ததும் வெட்டிவிடலாம் என்று சொல்கிற இடமாக இருந்தால், அது எந்த இடமானாலும், கண்ணீரை அளந்தீர்களா என்று ஒரு முறை கேளுங்கள்.

சென்ற வாரம் மணியின் வலக்கண்ணிலும் அதே சிவப்பு தெரியத் தொடங்கியிருக்கிறது. அதே மருத்துவரிடம் நாள் குறித்தாகிவிட்டது. பரணிலிருந்து இறக்கிக் கழுவிக் காயவைத்த கோனுக்குள் இன்று காலை அவன் தானாகவே வந்து தலையை நுழைத்துவிட்டு, தின்பண்டத்துக்காக என் கையைப் பார்த்தான்.